அணி மாறும் குவாட்டர்பேக்குகள்: வாசகர் கேள்விகளும் விடைகளும்

அமெரிக்கக் கால்பந்தில் ஓரிடத்தில் நிலைகொள்ளாமல் அணிவிட்டு அணி செல்லும் குவாட்டர்பேக்குகளைப் பற்றி வாசகர்கள் கேட்டவற்றுக்கு இந்த இதழில் விடையளிக்கிறேன்.

கேள்வி: அமெரிக்க விளையாட்டுச் செய்திகளில் ‘ஜர்னிமேன் குவாட்டர்பேக்’ என்று படிக்கிறேன். நிறைய ஊர் சுற்றியவர் என்பதுதான் இதன் பொருளா?

இன்று அந்தப் பொருள் அதனோடு ஒட்டிக்கொண்டுவிட்டது என்றாலும், சொல்லின் பிறப்பு பயணத்தில் இல்லை. பிரெஞ்சு மொழியில் நாளைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது அது. பழைய ஐரோப்பாவில் தச்சு, கொல்லு போன்ற தொழில்களை ஆசானிடம் முறையாகக் கற்றுத் தேறி, ஆனால் சொந்தப் பட்டறை வைக்கும் நிலையை எட்டாமல், பிறர் பட்டறைகளில் நாட்கூலிக்கு உழைத்தவரை அப்படி அழைத்தார்கள். அவர் தொழில் தெரியாதவர் அல்லர், இடம் கிடைக்காதவர். இந்த வேறுபாட்டை மனத்தில் வைத்துக்கொண்டால் மற்றக் கேள்விகளுக்கான விடைகளும் எளிதில் விளங்கும்.

இந்த விளையாட்டுக்குப் புதியவர்களுக்காக ஒன்று சொல்லிவிடுகிறேன். அணியின் தாக்குதலை நடத்துபவர் குவாட்டர்பேக். ஒவ்வொரு முறையும் பந்து அவர் கைக்கு வந்து, அவர் அதை வீசியோ, ஓடுபவரிடம் கொடுத்தோதான் ஆட்டம் நகர்கிறது. மற்ற இடங்களில் ஆட்டக்காரர்களை மாற்றி மாற்றி இறக்குவார்கள். குவாட்டர்பேக்கை அப்படி மாற்றுவதில்லை. தேசியக் கால்பந்து லீகில், அதாவது என்.எஃப்.எல்.-இல், 32 அணிகள் உள்ளன. ஆகவே எந்த ஞாயிற்றுக்கிழமையிலும் நிலையான வேலையுள்ள குவாட்டர்பேக்குகள் உலகத்திலேயே 32 பேர்தான். முப்பத்து மூன்றாவதாக இருப்பவர் எவ்வளவு சிறந்தவராக இருந்தாலும் அவர் காத்திருந்தே ஆக வேண்டும்.

கேள்வி: திறமை உண்மையிலேயே இருந்தால் ஏதாவது ஓர் அணி அவரை நிலையாக வைத்துக்கொள்ளாதா? ஒன்பது அணிகள் விட்டுவிட்டன என்றால் ஒன்பது பேரும் தவறாகவா கணித்திருப்பார்கள்?

நீங்கள் குறிப்பிடுவது ரயன் ஃபிட்ஸ்பேட்ரிக்காகத்தான் இருக்க வேண்டும். ஹார்வர்டில் படித்த அவரை 2005 டிராஃப்டில், அதாவது கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வில், ஏழாவது சுற்றில் 250-ஆவது ஆளாக செயின்ட் லூயிஸ் ராம்ஸ் எடுத்தது. அவர் 17 பருவங்கள் நீடித்தார். ஒன்பது அணிகளுக்குத் தொடக்க குவாட்டர்பேக்காக ஆடியவர் அவருக்கு முன் எவரும் இல்லை. 34,990 கெஜம் வீசினார். 223 டச்டவுன்கள், அதாவது எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் பந்தைக் கொண்டு சேர்த்துப் புள்ளி பெற்றுத் தந்த வீச்சுகள். எதிரணியிடம் பிடிபட்ட வீச்சுகள் 169.

இந்தக் கடைசி எண்ணில்தான் உங்கள் கேள்விக்கு விடையின் ஒரு பாதி இருக்கிறது. அவர் துணிந்து வீசுபவர். அந்தத் துணிச்சல் கைகொடுத்த வாரங்களில் அவரைத் தடுக்க ஆளில்லை. 2018-இல் டாம்பா பே பக்கனியர்ஸுக்காகத் தொடர்ந்து மூன்று ஆட்டங்களில் 400 கெஜத்துக்கு மேல் வீசினார், லீகின் வரலாற்றில் அதற்குமுன் யாரும் அதைச் செய்ததில்லை. அதே துணிச்சல் காலை வாரிய வாரங்களில் தோல்வி முழுவதும் அவர் தலையில் விழுந்தது. ஓர் அணி பத்தாண்டுகளுக்குத் திட்டமிடும்போது இந்த ஏற்ற இறக்கத்தை நம்பிக் கட்டடம் எழுப்பத் தயங்குகிறது.

மறுபாதி, அணிகளின் கணக்கில் இருக்கிறது. டிராஃப்டில் முதலில் எடுத்த இளைஞரை ஆடவைத்தே ஆக வேண்டிய கட்டாயம் உரிமையாளர்களுக்கும் பயிற்சியாளர்களுக்கும் உண்டு. 2020-இல் மயாமி டால்பின்ஸ் தொடர்ந்து இரண்டு ஆட்டங்களை வென்றிருந்த நேரத்தில், டுவா டகோவைலோவா என்ற இளைஞருக்காக ஃபிட்ஸ்பேட்ரிக்கை உட்காரவைத்தது. தம் மனம் உடைந்துபோனதை அவர் வெளிப்படையாகவே சொன்னார். சொன்ன பிறகு தம் வேலையைப் பார்த்தார். டிசம்பர் 26 அன்று லாஸ் வேகஸில் இளைஞர் தடுமாறியபோது ஃபிட்ஸ்பேட்ரிக்கையே இறக்கினார்கள். எதிரணி வீரர் ஒருவர் அவருடைய தலைக்கவசத்தின் முகக்கம்பியைப் பிடித்துக் கழுத்தைத் திருகிக்கொண்டிருந்த நிலையில், பார்க்கவே முடியாத திசைக்கு அவர் வீசிய பந்து 34 கெஜம் பறந்து தோழர் கையில் விழுந்தது. மயாமி 26-25 என்று வென்றது. அதற்கடுத்த வாரம் அவருக்குக் கொரோனா தொற்று உறுதியாகி ஆட முடியாமல் போக, பஃபலோவிடம் 56-26 என்று தோற்ற மயாமி, நாக் அவுட் சுற்றைத் தவறவிட்டது. 17 பருவங்களில் ஒரு நாக் அவுட் ஆட்டம்கூட அவருக்குக் கிட்டவில்லை. அவரைப் பற்றிப் படித்தவற்றில் என்னை மிகவும் வருத்தியது இதுதான்.

ஆகவே ஒன்பது அணிகளும் தவறாகக் கணித்தன என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் ஒன்பது அணிகள் அவரைத் தேடி வந்ததையும் அதே கணக்கில் சேர்க்க வேண்டும் அல்லவா?

கேள்வி: மிக அதிக அணிகளில் இருந்தவர் அவர்தானா?

இல்லை. தொடக்க ஆட்டக்காரராக ஆடியதில்தான் ஃபிட்ஸ்பேட்ரிக் முதலிடம். ஒப்பந்தம் செய்த அணிகளை எண்ணினால் ஜாஷ் ஜான்சன் 14 என்.எஃப்.எல். அணிகளில் இருந்திருக்கிறார், இடையிடையே சிறிய லீகுகளிலும் ஆடினார். 2018 டிசம்பரில் வாஷிங்டன் அணியின் குவாட்டர்பேக்குகள் இருவர் அடுத்தடுத்துக் காலை முறித்துக்கொண்டபோது அவசரமாக அழைக்கப்பட்ட அவர், புதிய தோழர்களின் பெயர்களைத் தெரிந்துகொள்ள மேடன் என்ற வீடியோ விளையாட்டைப் பயன்படுத்தினார். அந்த மாதமே ஜாக்சன்வில்லை 16-13 என்று வென்றார்; 2008-இல் லீகுக்குள் வந்தவருக்கு அதுதான் தொடக்க ஆட்டக்காரராக முதல் வெற்றி.

கேள்வி: புதிய அணியில் சேர்ந்த ஐந்தாறு நாளில் ஒருவர் எப்படி ஆட முடியும்? மற்றவர்களின் பெயர்கூடத் தெரியாதபோது தாக்குதலை எப்படி நடத்துவார்?

இந்தத் தொழிலின் நுட்பம் முழுவதும் இந்தக் கேள்விக்குள் அடங்கியிருப்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

அணிகள் பயன்படுத்தும் உத்திகள் பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கும். அவற்றின் பெயர்கள்தாம் அணிக்கு அணி மாறும். ஓரிடத்தில் வண்ணத்தின் பெயரால் அழைக்கப்படும் வியூகம் இன்னோரிடத்தில் விலங்கின் பெயரால் அழைக்கப்படலாம். பத்துப் பன்னிரண்டு சொற்கள் கொண்ட ஒரு கட்டளையில் வியூகம், தடுப்பாளர்கள் யாரை மறிக்க வேண்டும், பந்தைப் பிடிப்பவர்கள் எந்த வழியில் ஓட வேண்டும், எந்த எண்ணிக்கையில் பந்து நகர வேண்டும் என்பவை எல்லாம் அடங்கியிருக்கும். அதைக் கேட்டு, பிழையில்லாமல் பத்துப் பேருக்குத் திருப்பிச் சொல்லி, எல்லாரையும் நிறுத்தி, எதிரணியின் தற்காப்பைப் படித்து, தேவையானால் கட்டளையையே மாற்றி ஆட்டத்தைத் தொடங்குவதற்கு மொத்தம் 40 விநாடிதான். 1994 முதல் குவாட்டர்பேக்கின் தலைக்கவசத்துக்குள் ஒரு சிறிய வானொலிக் கருவி வழியாகப் பயிற்சியாளர் பேச முடிகிறது; ஆனால் கடிகாரத்தில் 15 விநாடி மீதமிருக்கும்போது அந்த இணைப்புத் தானாகவே துண்டிக்கப்படும். அதற்குமேல் அவர் தனியாள்.

2023-இல் ஜாஷுவா டாப்ஸ் செய்ததை எடுத்துக்கொள்வோம். விண்வெளிப் பொறியியல் படித்த அவர் அந்தப் பருவத்தின் முதல் பாதியில் அரிசோனாவுக்கு ஆடிக்கொண்டிருந்தார். மின்னசோட்டா வைகிங்ஸின் குவாட்டர்பேக் கர்க் கசின்ஸ் குதிகால் தசைநாண் அறுந்து விலகியதால், அக்டோபர் 31 அன்று டாப்ஸை மின்னசோட்டா வாங்கியது. நவம்பர் 5 அன்று அட்லான்டாவில் ஆட்டம். தொடங்கியவர் ஜாரன் ஹால் என்ற இளைஞர். அவர் முதல் கால்பகுதியிலேயே தலையில் அடிபட்டு வெளியேறினார். முதன்மைத் தாக்குதல் குழுவோடு முறையாகப் பயிற்சிகூடச் செய்திராத டாப்ஸ் உள்ளே சென்றார். பந்தைப் பின்னோக்கிக் கொடுக்கும் நடுவீரரோடு குரல் எண்ணிக்கையைப் பழகியதுகூட எல்லைக்கோட்டுக்கு வெளியே நின்றபோதுதான். தலைமைப் பயிற்சியாளர் கெவின் ஓகானல் அந்த வானொலியில் கட்டளையைச் சொல்லி, யார் எங்கே ஓடுவார்கள் என்ற விளக்கத்தையும் இணைப்பு அறும்வரை சொல்லிக்கொண்டே இருந்தார். 22 விநாடி மீதமிருக்கையில் டாப்ஸ் வீசிய டச்டவுனால் மின்னசோட்டா 31-28 என்று வென்றது.

இதை அற்புதம் என்று எழுதினார்கள். எனக்கு அந்தச் சொல்லில் உடன்பாடு இல்லை. அதற்கு முந்தைய ஆண்டு டிசம்பரில் டெனஸியில் சேர்ந்த எட்டாம் நாள் தொடக்க ஆட்டக்காரராக இறங்கியவர் அவர். பிளேபுக் என்பது ஓர் அணியின் உத்திகளும் கட்டளைகளும் அடங்கிய தொகுப்பு. பல பிளேபுக்குகளை மனப்பாடம் செய்தவருக்கு அடுத்த பிளேபுக் முற்றிலும் புதிய மொழியாக இருப்பதில்லை. தெரிந்த மொழியின் இன்னொரு வட்டார வழக்காகவே அது கேட்கும். ஊர் மாற மாறத்தான் இந்தக் காது பழகுகிறது. ஒரே அணியில் பத்தாண்டு இருந்தவருக்கு இது வாய்ப்பதில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். வாரநாள் பயிற்சியில் ஏறக்குறைய எல்லா வாய்ப்பும் முதல் குவாட்டர்பேக்குக்கே போகும். மாற்று ஆட்டக்காரர் செய்வது வரப்போகும் எதிரணியின் குவாட்டர்பேக்காகத் தம்மைப் பாவித்து, அவர்களுடைய உத்திகளை ஆடித் தம் அணியின் தற்காப்பைத் தயார்ப்படுத்துவது. ஆகவே ஞாயிற்றுக்கிழமை திடீரென்று அவர் அழைக்கப்படும்போது, அந்த வாரம் முழுவதும் அவர் கை பழகியது பெரும்பாலும் எதிரணியின் ஆட்டமாகத்தான் இருக்கும்.

கேள்வி: இவர்களுடைய வருமானம் எப்படி?

சாதாரண மனிதர்களின் அளவுகோலில் மிக நல்ல வருமானம். 2025-இல் ஏழு அல்லது அதற்கு மேற்பட்ட பருவங்கள் முடித்தவருக்குக் குறைந்தபட்ச ஊதியமே 12,55,000 டாலர். சேஸ் டேனியல் 14 பருவங்களில் ஐந்து ஆட்டங்களை மட்டுமே தொடங்கி, 4 கோடி டாலருக்கு மேல் ஈட்டினார். அவரைப் பழிப்பவர்கள் உண்டு. நான் பழிக்கமாட்டேன், தொடக்க ஆட்டக்காரரோடு உட்கார்ந்து எதிரணியை ஆராய்ந்த உழைப்புக்கான கூலி அது.

ஆனால் அறிவிக்கப்படும் தொகை முழுவதும் கைக்கு வருவதில்லை. 2011-இல் பஃபலோ பில்ஸ் ஃபிட்ஸ்பேட்ரிக்குக்கு ஆறு ஆண்டுகளுக்கு 5 கோடியே 90 லட்சம் டாலர் என்று ஒப்பந்தம் கொடுத்தது. 2013 மார்ச்சிலேயே விடுவித்துவிட்டது. உறுதியளிக்கப்பட்ட பகுதியைத் தவிர மற்றது தாளில் நின்ற எண். நான்கு அல்லது அதற்கு மேற்பட்ட பருவங்கள் அனுபவமுள்ள ஒருவர் முதல் ஆட்டத்தின்போது அணியில் இருந்தால், பிறகு நீக்கப்பட்டாலும் அந்த ஆண்டின் மீதி ஊதியத்தைக் கோரலாம், அதுவும் வாழ்க்கையில் ஒருமுறை மட்டும். இதைத் தவிர்க்கவே சில அணிகள் அனுபவசாலிகளை முதல் வாரம் முடிந்த பிறகு சேர்த்துக்கொள்கின்றன.

கேள்வி: இத்தகையவர்களில் உங்கள் மனத்துக்கு நெருக்கமானவர் யார்? அவருடைய வாழ்க்கையைச் சற்று விரிவாகச் சொல்லுங்கள்.

ஜாஷ் மெக்கவுன். 1979-இல் டெக்சஸ் மாநிலத்தின் ஜாக்சன்வில் என்ற சிற்றூரில் பிறந்தவர். 2002 டிராஃப்டில் மூன்றாம் சுற்றில் அரிசோனா கார்டினல்ஸ் அவரை எடுத்தது. அடுத்த ஆண்டு டிசம்பர் 28 அன்று, கடிகாரம் தீர்ந்துகொண்டிருக்க, நான்காவதும் கடைசியுமான முயற்சியில் அவர் வீசிய பந்தைக் கோட்டின் ஓரத்தில் நேட் பூல் பிடித்தார். அரிசோனா 18-17 என்று வென்றது. வெல்லவேண்டிய மின்னசோட்டா நாக் அவுட் சுற்றை இழந்தது. எங்கோ ஆடிக்கொண்டிருந்த கிரீன் பே அதனால் உள்ளே போயிற்று. இப்படித் தொடங்கிய ஒருவர் நட்சத்திரமாகியிருப்பார் என்றுதான் யாரும் நினைப்பார்கள். அவரோ டெட்ராய்ட், ஓக்லண்டு, மயாமி, கரோலினா என்று இடம் மாறிக்கொண்டிருந்தார். 2010-இல் என்.எஃப்.எல். அணி எதிலும் இடமில்லாமல் ஹார்ட்ஃபர்டில் ஒரு சிறிய லீக் அணிக்கு ஆடினார். 2011-இல் அதுவும் இல்லை; வட கரோலினாவில் ஓர் உயர்நிலைப் பள்ளி அணிக்குப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தபோதுதான் சிகாகோ பேர்ஸ் அழைத்தது.

பெரும்பாலோருக்கு ஆட்டம் முடிந்துவிடும் 34 வயதில், 2013-இல், ஜே கட்லர் காயமடைந்ததால் கிடைத்த வாய்ப்பில் மெக்கவுன் 13 டச்டவுன்கள் வீசினார். எதிரணியிடம் பிடிபட்டது ஒரே ஒரு வீச்சு. அதன்பின் டாம்பா பே. பிறகு கிளீவ்லண்டு, அங்கே 2015-இல் பால்டிமோருக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் 457 கெஜம் வீசி அந்த அணியின் வரலாற்றுச் சாதனையை முறியடித்தார். பிறகு நியூயார்க் ஜெட்ஸ். 2019 ஜூனில் ஓய்வை அறிவித்துத் தொலைக்காட்சிக்குச் சென்றார்.

ஆகஸ்டில் ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் அழைத்தது. அவருடைய மகன்கள் கரோலினாவில் பள்ளி அணியில் ஆடிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குப் பயிற்சி கொடுக்க வாரக் கடைசியில் ஊருக்குப் போய்வர அணி இசைந்ததால் அவரும் இசைந்தார். 2020 ஜனவரி 5 அன்று சியாட்டிலுக்கு எதிரான நாக் அவுட் ஆட்டத்தின் முதல் கால்பகுதியில் கார்சன் வென்ட்ஸ் தலையில் அடிபட்டு வெளியேற, 40 வயது மெக்கவுன் தம் வாழ்க்கையின் முதல் நாக் அவுட் ஆட்டத்துக்குள் நுழைந்தார். ஆட்டத்தின் நடுவே தொடையின் பின்தசை கிழிந்தது. அவர் வெளியேறவில்லை. ஆறு முறை கீழே தள்ளப்பட்டும் 24 வீச்சுகளில் 18-ஐச் சேரவேண்டியவரிடம் சேர்த்தார். அணி 17-9 என்று தோற்றது. களத்திலிருந்து கண்ணீரோடு நடந்த அவரைத் தோழர்கள் அணைத்துத் தேற்றினார்கள். அந்தக் காட்சியை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். பதினேழு ஆண்டுகள் காத்திருந்த ஒன்று இரண்டரை மணி நேரத்தில் முடிந்துபோனதை ஒரு மனிதர் தாங்க முயன்றதை ஒவ்வொரு முறையும் கனத்த மனத்தோடுதான் பார்த்தேன்.

கேள்வி: இப்படிப்பட்டவர்களில் யாராவது கோப்பை வென்றிருக்கிறார்களா?

உண்டு. நிக் ஃபோல்ஸ் 2016-இல் ராம்ஸால் விடுவிக்கப்பட்டு, ஆட்டத்தையே விட்டுவிடலாமா என்று யோசித்தவர். 2017 டிசம்பரில் வென்ட்ஸின் முழங்கால் தசைநார் அறுந்ததால் ஃபிலடெல்ஃபியாவை வழிநடத்த வேண்டி வந்தது. 2018 பிப்ரவரி 4 அன்று லீகின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுலில் 373 கெஜம் வீசி, தாமே ஒரு டச்டவுனையும் பிடித்து, நியூ இங்கிலாந்தை 41-33 என்று வென்று சிறந்த ஆட்டக்காரர் விருதையும் பெற்றார்.

அவருக்கு வெகுகாலம் முன்பே ஏர்ல் மோரல் இருந்தார். ஆறு அணிகள், 21 பருவங்கள். 1968-இல் ஜானி யூனிடஸ் காயமடைந்ததால் பால்டிமோர் கோல்ட்ஸை நடத்தி, 14 ஆட்டங்களில் 13-ஐ வென்று, லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார்; ஆனால் சூப்பர் பவுலில் ஜெட்ஸிடம் 16-7 என்று தோற்றார். 1972-இல் வெறும் 100 டாலர் கட்டணத்துக்கு அவரை மயாமி எடுத்துக்கொண்டது. ஐந்தாவது ஆட்டத்தில் பாப் கிரீஸியின் கால் முறிய, 38 வயது மோரல் மீதி ஒன்பது ஆட்டங்களையும் தொடங்கி அனைத்தையும் வென்றார். 17 ஆட்டங்களில் 17 வெற்றி என்று முடிந்த அந்தப் பருவத்தைப் போன்ற ஒன்று லீகின் வரலாற்றில் வேறு இல்லை. சூப்பர் பவுலைத் தொடங்கியது மட்டும் குணமாகி வந்த கிரீஸி. மோரல் முணுமுணுக்காமல் ஒதுங்கி நின்றார்.

கேள்வி: உடல் இதை எப்படித் தாங்குகிறது?

பலருக்குத் தாங்குவதில்லை. 2014-இல் தம் 79-ஆம் வயதில் காலமான மோரலின் மூளையைச் சோதித்தபோது, தலையில் மீண்டும் மீண்டும் அடிபடுவதால் வரும் சி.டி.இ. என்ற சிதைவு நோயின் முற்றிய நிலை அதில் காணப்பட்டது. ஃபிட்ஸ்பேட்ரிக்கின் ஆட்டம் 2021-இல் வாஷிங்டனுக்கு முதன்முதலாக ஆடிய நாளிலேயே, இரண்டாம் கால்பகுதியில் இடுப்பெலும்பு பிசகியதோடு முடிந்தது.

ஒரு விதியே இவர்களின் காயத்தால் மாறியது. 2023 ஜனவரியில் ஃபிலடெல்ஃபியாவில் நடந்த அரையிறுதியில் சான் ஃபிரான்சிஸ்கோவின் பிராக் பர்டிக்கு முழங்கையில் அடிபட்டது. மாற்றாக வந்த ஜாஷ் ஜான்சனுக்குத் தலையில் அடிபட்டது. வேறு ஆளில்லாததால், பந்தை வீசவே முடியாத கையோடு பர்டி திரும்ப வந்து நிற்க, அணி 31-7 என்று தோற்றது. அந்த ஆண்டே, ஆட்ட நாள் பட்டியலின் எண்ணிக்கையில் சேராத மூன்றாவது குவாட்டர்பேக் ஒருவரை அவசரத்துக்கு வைத்திருக்க லீக் அனுமதித்தது.

கேள்வி: ஆடி முடித்த பிறகு என்ன செய்கிறார்கள்?

பலர் பயிற்சியாளர்களாகிறார்கள். பல பயிற்சியாளர்களிடம் பாடம் கேட்டு, ஆயிரக்கணக்கான மணி நேரம் களத்துக்கு வெளியே நின்று ஆட்டத்தைப் படித்தவருக்கு அதுவே இயல்பான அடுத்த படி. ஃபோல்ஸ் கோப்பை வென்ற அந்த ஈகிள்ஸின் தலைமைப் பயிற்சியாளர் டக் பீடர்சன், கிரீன் பேயில் பிரெட் ஃபாவ்ருக்கு மாற்றாக ஆண்டுக்கணக்கில் காத்திருந்தவர். அவருடைய தாக்குதல் பயிற்சியாளர் ஃபிராங்க் ரைக், ஜிம் கெல்லியின் மாற்றாக இருந்து, 1993 ஜனவரியில் பஃபலோவை 35-3 என்ற பின்னடைவிலிருந்து மீட்டு 41-38 என்று வெல்லவைத்தவர். நட்சத்திரம் திடீரென்று வீழ்ந்த வாரத்தில் மாற்று ஆட்டக்காரரிடம் என்ன சொல்ல வேண்டும் என்பது அவ்விருவருக்கும் தெரிந்திருந்தது.

மெக்கவுனும் அந்த வழியில்தான் சென்றார். 2018-இல் ஜெட்ஸில் அவர் இருந்தபோது, டிராஃப்டில் மூன்றாவதாக எடுக்கப்பட்டு வந்த சாம் டார்னால்டு என்ற 21 வயது இளைஞருக்குத் தம் இடத்தை விட்டுக்கொடுத்து அவர் அருகில் உட்கார்ந்தார். டார்னால்டு அங்கே தோற்று, கரோலினாவில் தோற்று, சான் ஃபிரான்சிஸ்கோவில் மாற்றாகக் காத்திருந்து, 2024-இல் ஓராண்டு ஒப்பந்தத்தில் மின்னசோட்டாவுக்கு வந்து சேர்ந்தார். அவரும் இப்போது அணி மாறும் குவாட்டர்பேக் என்றே அழைக்கப்பட்டார். அங்கே குவாட்டர்பேக்குகளின் பயிற்சியாளராகப் புதிதாகச் சேர்ந்திருந்தவர் மெக்கவுன். அந்தப் பருவத்தில் டார்னால்டு 35 டச்டவுன்கள் வீசினார். மின்னசோட்டா 17 ஆட்டங்களில் 14-ஐ வென்றது.